கேமரா கேட்ட பிரார்த்தனை

என் செல்ல வாயாடிக்கு,

நீ அனுப்பிய படம் வந்து சேர்ந்தது. சுவரில் வெயில் நகர்வதைப் பிடிக்கவேண்டும் என்று சொல்லி, நான் பிரார்த்தனை செய்யும் அறையில் கேமராவை வைத்துவிட்டுக் கடைக்குப் போனாயே, அன்று எடுத்தது. சிவப்பு விளக்கு எரிந்ததைப் பார்த்து, சார்ஜ் ஏறுகிறது என்று நினைத்துவிட்டேன். இல்லாவிட்டால் வாயைத் திறந்திருப்பேனா?

"இந்தப் படப் பைத்தியம் தெளிஞ்சு, எம்பொண்ணு மறுபடி மேடையேறி ஆடணும் கடவுளே" என்று நான் கேட்டது அப்படியே பதிவாகியிருக்கிறது. வைத்துக்கொள்ளட்டுமா, வெட்டிவிடட்டுமா என்று மட்டும் கேட்டிருக்கிறாய். நாலு வார்த்தை திட்டி எழுதியிருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும்.

அப்பாவும் உட்கார்ந்து பார்த்தார். "என்னடி இது, வெறும் சுவரு? நடிகருங்க எல்லாம் லீவா?" என்றார். பிறகு கண்ணாடியை மாட்டிக்கொண்டு நாற்காலியைக் கிட்டே இழுத்தார். வெயில் மெல்ல நகர்ந்து வந்து என் தோளைத் தொட்டபோது, "அவ எங்க ஆட்டத்த விட்டா? வெயில ஆட விட்டிருக்கா பாரு" என்றார். திரும்பவும் போடச் சொன்னார். அடுப்பில் பால் பொங்கி வழிந்ததை இரண்டு பேருமே கவனிக்கவில்லை.

வெட்டாதே, இருக்கட்டும். கடவுளிடமே சொல்லியாயிற்று, பார்க்க வருகிறவர்களிடம் மறைக்க என்ன இருக்கிறது?

அடுத்த தடவை வரும்போது மட்டும் அந்த அறையில் கேமரா வேண்டாம். இப்போது உனக்காக வேறொன்று கேட்டுக்கொண்டிருக்கிறேன். அது கிடைக்கிறவரை உனக்குத் தெரியவேண்டாம்.

உன் வரவுக்குக் கதவைத் திறந்து வைத்திருக்கும்
அம்மா