கேட்டில் தொங்கிய அட்டை என்னுடையது

அனுப்புநர்:
முட்டை வேன் ஓட்டுநரின் மூத்த மகள் (வயது 16),
பச்சைக் கேட் வீடு,
தண்ணீர்த் தொட்டிச் சந்து.

பெறுநர்:
செயலாளர் அவர்கள்,
இலவச சட்ட உதவி மையம்,
நீதிமன்ற வளாகம்.

பொருள்: வேன் கடனுக்காக நடுவர் விசாரணைக்கு முன்பே எங்கள் வீடு ஜப்தி செய்யப்பட்டது – சான்றாகக் காட்டிய அட்டையை எழுதியது என் தந்தை அல்ல, நான் – வழக்கறிஞர் உதவி வேண்டுதல் – தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா,

1. என் தந்தை கடனில் வாங்கிய வேனில் கடைகளுக்கு முட்டை ஏற்றிச் செல்பவர். பள்ளம் வந்தால் தன் மூச்சையும் சேர்த்துப் பிடித்துக்கொள்வார். கை எலும்பு முறிந்து நான்கு மாதம் வீட்டில் இருந்ததால் தவணை நின்றது. நிதி நிறுவனத்தார் வேனை எடுத்துப்போய் விற்றுவிட்டு, மீதிக் கடனுக்கு, இத்தகைய தகராறுகளைத் தீர்த்துவைக்கும் நடுவரிடம் போவதாகக் கூறியுள்ளனர். நடுவர் இன்னும் நியமிக்கப்படவில்லை. நாங்கள் மட்டும் நடுத்தெருவுக்கு நியமனமாகப் போகிறோம்.

2. தந்தை வீட்டை விற்றுவிட்டு ஓடப் பார்க்கிறார் என்று சொல்லித்தான் நிறுவனம் இடைக்கால ஜப்தி உத்தரவு வாங்கியுள்ளது. ஆதாரம் ஒரு படம். அதில் எங்கள் கேட்டில் "இவ்வீடு விற்பனைக்கு" என்ற அட்டை தொங்குகிறது.

3. அந்த அட்டை என் கைவேலை. என் சைக்கிள் மணியைக் கழற்றி ஒளித்த தம்பியைப் பழிவாங்கச் செய்தது. அதில் இரண்டாவது வரியும் உண்டு: "வாங்குவோருக்குத் தம்பி இலவசம். திருப்பி எடுத்துக்கொள்ளப்பட மாட்டான்." படத்தில் அந்த வரி இல்லை. கேட்டின் கம்பி மறைத்ததா, படம் பிடித்தவர் மறைத்தாரா, நான் அறியேன்.

4. அன்றே கழற்றியிருக்க வேண்டும். ஆனால் வேன் போன பிறகு அப்பா வாய்விட்டுச் சிரித்தது அந்த அட்டையைப் பார்த்துத்தான். போகும்போதும் வரும்போதும் நின்று படித்துச் சிரித்தார். எடுக்க மனம் வரவில்லை. மூன்று நாள் விட்டுவைத்தேன். நிதி நிறுவனத்தின் வசூல்காரர் இரண்டாம் நாள் வந்தார்.

5. நீதிமன்ற ஊழியர் உத்தரவைக் கொடுத்துச் சென்றதும் அப்பா அதை இரண்டு முறை படித்தார். பிறகு என்னிடம், "இதுவும் உன் வேலைதானேம்மா? சொல்லிடு, அப்பா திட்ட மாட்டேன்" என்றார். என் வேலையாக இருக்கக் கூடாதா என்று நான் ஏங்கியது அன்றுதான்.

6. உள்தாளில் இருந்த படத்தைப் பார்த்ததும், எல்லாம் என் அட்டையால் வந்தது என்று அவருக்குப் புரிந்துவிட்டது. விசாரணை 19ஆம் தேதி. "அட்டையை நான்தான் மாட்டினேன்னு சொல்லிடறேன், புள்ளை பேரு கோர்ட்டுல வர வேணாம்" என்று அம்மாவிடம் அவர் சொன்னதைச் சமையலறைக் கதவுக்குப் பின்னால் நின்று கேட்டேன். அப்படிச் சொன்னால் வீட்டை மறந்துவிட வேண்டியதுதான் என்கிறார் கோர்ட் வாசல் ஜெராக்ஸ் கடைக்காரர். அப்பாவுக்கு முட்டையை உடையாமல் கொண்டுபோகத் தெரியும். பொய்யை ஒரு தெரு தாண்டிக்கூடக் கொண்டுபோகத் தெரியாது. எனக்காக அதையும் செய்யப் பார்க்கிறார்.

7. ஆகவே, ஒரு வழக்கறிஞரை அமர்த்தி, அப்பா வாய் திறப்பதற்கு முன் அட்டையை முழுதாக நீதிபதி அவர்களிடம் காட்ட ஆவன செய்யுமாறு பணிவுடன் வேண்டுகிறேன். அட்டையை இணைத்துள்ளேன். எங்கள் சந்தில் என் பேச்சை நம்புபவர்கள் குறைவு. அதில் நியாயமும் உண்டு. அதனால்தான் இம்மனுவைத் தட்டச்சு செய்யாமல் கையால் எழுதியிருக்கிறேன். அட்டையின் எழுத்தையும் இந்த எழுத்தையும் அருகருகே வைத்துப் பார்க்கவும்.

இடம்: மேற்படி வீடு, இன்றுவரை
நாள்: 12ஆம் தேதி, செவ்வாய்

விளையாட்டாக அல்லாமல்,
(கையொப்பம்)
முட்டை வேன்காரர் மகள்