துணை: இல்லை

ஜனவரி 4, 2063. காலை 6.10. வெப்பநிலை –29.

நேற்று நடந்தது பத்தொன்பது கிலோமீட்டர். காற்று முதுகுக்குப் பின்னால். இடது குதிகால் கொப்புளம் உடைந்துவிட்டது, கட்டுப்போட்டாயிற்று. உணவு போதும். எரிபொருள் போதும். வாய்க்குத்தான் வேலையில்லை.

இதைக் கண்டெடுப்பவருக்கு: என் பெயர் செலின் பர்னாந்து. ஊர் தூத்துக்குடி. வயது ஐம்பத்தேழு. சறுக்குவண்டியை இடுப்பில் கட்டி இழுத்துக்கொண்டு பனிக்கண்டத்தைக் குறுக்கே கடக்கிறேன். எனக்குப் பின்னால் ஓர் எந்திரம் உருண்டு வருகிறது. பெயர் சாட்சி. யாராவது எனக்கு ஒரு பிஸ்கட் கொடுத்தால்கூடத் துருவப் பேரவையிடம் போட்டுக்கொடுப்பது அதன் வேலை. நான் சொல்லச் சொல்ல இந்தக் குறிப்பை எழுதுவதும் அதுதான். குறிப்பெடுப்பது துணையில் சேராதாம். விதி நான்கு.

பேரவை இந்தக் கண்டத்தை மனிதருக்கு மூடப் பார்க்கிறது. எந்திரங்களே எல்லாம் அளந்துவிடுகின்றன, மனிதர் வந்தால் மீட்புச் செலவுதான் மிச்சம் என்று தலைவர் கூட்டத்தில் சொன்னார். நான் எழுந்து, யார் துணையுமில்லாமல் கடந்து காட்டுகிறேன், அப்புறம் பேசுங்கள் என்றேன். ஒப்புக்கொண்டார்கள். கடலோரக் கொடிக்கம்பங்களைத் தாண்டினால் கதவு திறந்தே இருக்கும். நடுவில் ஒரு கை உதவி வாங்கினாலும் எனக்குப் பின்னால் யாரும் இங்கே வர முடியாது.

ஜனவரி 6. மாலை 5.40. –27.

பத்திரிகைக்காரர்கள் விடாமல் கேட்கும் கேள்வி: வெயில் ஊர்க்காரிக்குப் பனியில் என்ன வேலை?

நான் முதலில் பார்த்த பனி, இறால் ஏற்றுமதிக் கம்பெனியின் குளிர்பதன அறையில். மெக்கானிக்காகச் சேர்ந்தேன். மற்றவர்கள் உள்ளே போன வேகத்தில் பல் கிட்டிப்போய் வெளியே ஓடிவருவார்கள். எனக்கு அங்கேதான் மூளை நன்றாக வேலை செய்தது. பிறகு பனிக்கண்டத்து ஆய்வு நிலையத்துக்கு ஃப்ரீசர் மெக்கானிக் தேவை என்று விளம்பரம் வந்தது. அங்கே எதற்கடி ஃப்ரீசர் என்று வீட்டில் வயிறு குலுங்கச் சிரித்தார்கள். ஆழத்திலிருந்து தோண்டியெடுத்த பனிக்கட்டிகளுக்குக் கரையோரக் குளிர் போதாது. அதைச் சொல்லிப் புரியவைப்பதற்குள் கப்பலே ஏறிவிட்டேன்.

லீவு நாளில் சும்மா இருக்க முடியாமல் வண்டி இழுக்கப் பழகினேன். முதல் பயணத்தில் கால்விரல் இரண்டு போயிற்று. இரண்டாவதில் கணவர் போனார், வக்கீல் நோட்டீஸ் அனுப்பிவிட்டு. மூன்றாவதில் தென்துருவத்தைத் தனியாகத் தொட்டேன். அன்று அழுதேன். அவ்வளவு சந்தோஷம் அதற்கு முன்னும் பின்னும் எனக்கு வாய்க்கவில்லை. அது இன்னொருத்திக்கும் கிடைக்க வேண்டும். இவ்வளவு பிடிவாதமும் அதற்காகத்தான்.

ஜனவரி 8. மாலை 6.00. –24.

பீடபூமி முடிந்தது. இறக்கம். தினமும் இந்த நேரத்தில், பயணத்தைக் கவனிக்கும் முகாமிலிருந்து தனுஷ்கோடி என்பவன் சாட்டிலைட் போனில் பேசுவான். ராமேஸ்வரத்துப் பையன், பையன் என்றாலும் நாற்பதைத் தாண்டிவிட்டான். என்ன வேண்டுமானாலும் பேசலாம். வானிலை, வழி, மருந்து பற்றி மட்டும் வாய் திறக்கக் கூடாது. ஆலோசனையும் துணைதான்.

"யக்கா, இன்னைக்கு ரசம்னு ஒண்ணு வச்சாய்ங்க. வாயில வைக்க வெளங்கல. புளித்தண்ணியில மொளகாத்தூளக் கரைச்ச மாதிரி..."

கால் மணி நேரம் ரசத்தைத் திட்டினான். வயிறு வலிக்கச் சிரித்தேன்.

ஜனவரி 9. மாலை 6.15. –22.

தனுஷ்கோடியின் குரல் சரியில்லை.

"நல்லாருக்கீங்களாக்கா? சாப்டீங்களா? சரிக்கா."

அவ்வளவுதான். மூச்சுவிடாமல் பேசுகிறவன் மூச்சு மட்டும் விட்டான். முகாமில் செயற்கைக்கோள் படம் தினமும் வரும். எனக்கு முன்னால் எதையோ பார்த்திருக்கிறான்.

"அக்கா, நான் ஒண்ணு சொல்லிப்புடுறேன், என்ன ஆனாலும் ஆகட்டும்..."

போனைத் துண்டித்தேன். நல்ல மனசுக்காரன். அந்த மனசுதான் காரியத்தைக் கெடுத்திருக்கும்.

சாட்சி கேட்டது: "முகாமின் மௌனம் தகவலா?"

எழுதிக்கொள், அவன் பேசாததை நான் கேட்கவில்லை.

ஜனவரி 10. பிற்பகல் 3.30. –20.

முன்னால் பனிப்பிளவு இருக்கலாம் என்று எனக்குத் தெரியும். எப்படித் தெரியும்? அவன் குரலால். அதை வைத்து வழியை மாற்றினால் அது துணை. அதனால் நேற்றுப் பிடித்த திசையிலேயே, ஒரு முழம்கூட விலகாமல் நேராக நடந்தேன். இதைப் பைத்தியக்காரத்தனம் என்று நீங்கள் சொல்லலாம். என் தொழிலில் இதற்குப் பெயர் நேர்மை.

கோலால் குத்திப் பார்த்துத்தான் போனேன். பிளவை மூடியிருந்த பனிப்பாலம் என்னைத் தாங்கியது. சாட்சியைத் தாங்கவில்லை. திரும்பிப் பார்த்தபோது சக்கரமும் இல்லை, கைகளும் இல்லை, ஒரு நீலப் பள்ளம்தான் இருந்தது.

உள்ளிருந்து அதன் குரல் வந்தது: "பயணத்தைத் தொடரலாம். சாட்சி இல்லாத தூரம் கணக்கில் வராது."

ஆறுதல் சொல்லும் அழகைப் பாருங்கள்.

கயிறு கட்டி இறங்கினேன். முழு எந்திரத்தையும் தூக்க என்னால் ஆகாது. நினைவுப்பெட்டியை மட்டும் கழற்றினேன். ஒரு டிபன் கேரியர் அளவு இருக்கும். பதிவும் அதன் குரலும் அதற்குள். சக்கரமும் கைகளும் ஆன்டெனாவும் பிளவிலேயே கிடக்கட்டும். மேலே ஏறும்போது வண்டி சரிந்து, எரிபொருளும் சூரியத்தகடும் இருந்த பெட்டி உள்ளே போய்விட்டது. வலது மணிக்கட்டு உடைந்தது.

அடுப்பு இல்லையென்றால் பனியை உருக்க முடியாது. உருக்காவிட்டால் தண்ணீர் இல்லை. கடலுக்கு இன்னும் மூன்று நாள்.

எனக்குத் துணை வேண்டாம்தான். நான் சாட்சிக்குத் துணை செய்யக் கூடாது என்று எந்த விதியிலும் இல்லை.

ஜனவரி 11. மாலை 6.00. –21. காற்று.

பெட்டி உறைந்தால் பதிவு அழிந்துவிடும். கோட்டுக்குள் நெஞ்சோடு கட்டிக்கொண்டு நடக்கிறேன். நடந்ததைச் சொன்னதும் தனுஷ்கோடி போனில் கெஞ்சினான்.

"அக்கா, வெளையாடாதீங்க. வெமானம் எஞ்சினப் போட்டு நிக்கிது. ஒரு வார்த்த சொல்லுங்க. ஒரே வார்த்த."

சொல்ல மாட்டேன்.

"செத்துப்போயிட்டா கதவு தொறந்திருந்து என்னக்கா புண்ணியம்? அழுவுறேன்க்கா, கேக்குதா?"

கேட்டது. நானும் அழுதேன். ஆனால் அவனிடம் சொன்னது: டேய், கூட்டத்தில் அத்தனை பேருக்கு முன்னால் வாயை விட்டவள் நான். விமானம் வரட்டும், கொடிக்கம்பத்துக்கு அந்தப் பக்கம். இந்தப் பக்கம் வந்தால் மூஞ்சியில் முழிக்காதே.

ஜனவரி 12. காலை 11.00. –19.

நாக்கு வீங்கிவிட்டது. தூரம் தெரியவில்லை. நெஞ்சில் மட்டும் ஒரு வெதுவெதுப்பு, பாலூற்றிய டம்ளரைப் பிடித்த மாதிரி. பெட்டி வேலை செய்யும்போது சூடாகும் என்று அப்போதுதான் உறைத்தது. வெளியிலிருந்து வரும் எந்தச் சூடும் துணை. விதி ஏழு.

கேட்டேன்: நீ எனக்குச் சூடு கொடுக்கிறாயா?

"தெரியவில்லை. வெப்பமானி பழுது."

பழுதென்றால் சிவப்பு விளக்கு எரியும். எரியவில்லை. இத்தனை நாள் என் பிஸ்கட்டை எண்ணிக்கொண்டு வந்த எந்திரம் எனக்காகப் பொய் சொல்கிறது.

எனக்குக் கோபம் வந்தது. பொய்யும் துணைதான், முட்டாளே. எத்தனை நேரம் சுமந்தேனோ அத்தனையையும் எழுது. தெரியாமல் பெற்றது, தெரிந்த நிமிடமே விட்டது என்றும் எழுது. பேரவை தலையைப் பிய்த்துக்கொள்ளட்டும்.

"எழுதினேன். வெளியே வைத்தால் உறைவேன்."

வெளியே எடுத்தேன். போன் பேட்டரியை அதற்குக் கொடுத்து, இரண்டையும் ஒரே கம்பியில் இணைத்து வண்டியில் கட்டினேன். இனி போனில் நான் பேச முடியாது. பேசினால் அது செத்துவிடும்.

ஜனவரி 13. நேரம் என்னவோ. குளிர்.

கொடி தெரிகிறது. சிவப்பு. இரண்டாகத் தெரிகிறது, இரண்டையும் தாண்டுகிறேன்.

கை இல்லை. இருக்கிறது, ஆனால் என்னுடையது இல்லை.

தலைவரே, மனிதர் வந்தால் மீட்புச் செலவா? வந்து பாரும். சொந்தக் காலில்

இழு. இழுடி. இன்னும் கொஞ்சம்தான்

சாட்சி, எழுதுகிறாயா? ஒரு எழுத்து விடாமல்

ஜனவரி 13. பிற்பகல் 2.52. –18. சாட்சியின் பதிவு.

2.41 மணிக்குப் பயணி கொடிக்கம்பங்களைத் தாண்டினார். வண்டியையும் முழுதாக இழுத்துத் தாண்டவைத்தார். பிறகு படுத்தார்.

பேட்டரியில் ஒரு வாக்கியம் பேசும் அளவு மின்சாரம் மிச்சம் இருந்தது. போன் வழியே அனுப்பினேன்: "பயணி எல்லைக்கோட்டைக் கடந்தார், கடந்தபோது துணை: இல்லை."

முகாமின் பதில்: "அக்கா எங்க? ஏய், அக்காவப் பேசச் சொல்லு! இந்தா கெளம்பிட்டோம், வந்துட்டோம்!"

பயணம் முடிந்துவிட்டது, விதிகள் இனி இல்லை, என்னை எடுத்துக் கோட்டுக்குள் வைத்துக்கொள்ளலாம் என்று பயணியிடம் சொன்னேன். மறுபடியும் சொன்னேன். சத்தத்தைக் கூட்டிச் சொன்னேன்.

வெப்பமானி சரியாக வேலை செய்கிறது. என் மேற்புறம் முப்பத்தொரு டிகிரி. துணை செய்ய இப்போது எனக்கு அனுமதி உண்டு. கைகள் பிளவில் கிடக்கின்றன.

பயணி என்னிடமிருந்து இரண்டடி தள்ளிப் படுத்திருக்கிறார்.