ஜரிகை சாப்பிட்டுவிட்டான்

என் செல்லத் தம்பி மாதவா,

முதலில் நல்ல சேதி. உன் பாம்பு ஜரிகை நேற்று சாப்பிட்டுவிட்டான்!

நீ போனபோது காரியத்துக்கு வந்த உறவினர்கள் தங்க உன் அறை வேண்டியிருந்தது. அவனுடைய கண்ணாடிப் பெட்டியைத் தறிக்கூடத்து மூலையில் வைத்தோம். எல்லோரும் ஊருக்குக் கிளம்பியதும் அம்மா உன் அறையைப் பூட்டிச் சாவியை இடுப்பில் செருகிக்கொண்டாள். அதைக் கேட்கும் தைரியம் யாருக்கும் இல்லை.

அன்றிலிருந்து அவன் எதையும் தொடவில்லை. நீ செய்வது போலவே உறைந்த எலியை வெந்நீரில் போட்டு இளக்கி, இடுக்கியால் பிடித்து நீட்டிப் பார்த்தேன். ஒவ்வொரு முறையும் தலையை உள்ளே இழுத்துப் பந்தாகச் சுருண்டுகொண்டான். பாம்புக்கு ஆள் ஞாபகம் இருக்குமா? உனக்காகத்தான் பட்டினி கிடக்கிறானோ? இதையெல்லாம் நான் யாரைக் கேட்பேன், சொல்.

பயந்துபோய் உன் நண்பன் ரியாஸுக்குப் போன் செய்தேன். சென்னைக்குக் கொண்டுபோய் வளர்ப்பதாகச் சொல்லி, கூடையோடு வந்துவிட்டான். பெட்டியின் மூடியில் கை வைத்தபோதுதான் அம்மா வந்தாள். இத்தனை நாளும் அந்த மூலைப் பக்கம் திரும்பிப் பார்க்காதவள்!

"ஏன்பா, இது ஏன் சாப்பிட மாட்டேங்குது?"

கூடத்தில் அப்பா நெய்துகொண்டிருந்தார். ரியாஸ் குனிந்து தரையில் உள்ளங்கையை வைத்துப் பார்த்தான்.

"தரை எப்டி அதிருது பாருங்கம்மா. நாள் பூரா பயந்துக்கினே இருந்தா எப்டி சாப்பிடுவான்? அவனுக்கு அமைதி வேணும். ஒளிஞ்சிக்க இருட்டா ஒரு இடம் வேணும். என் வீட்ல தனி ரூம் இருக்குது, பார்த்துக்கிறேன்."

அம்மா அப்பாவின் தறியைத் திரும்பிப் பார்த்தாள். பிறகு இடுப்பிலிருந்து சாவியை எடுத்தாள்.

"ரூம் இங்கயும் இருக்குதுபா. தூக்கு."

கதவைத் திறந்ததும் உன் சட்டைகள் தொங்கிய கொடியைப் பார்த்து நின்றுவிட்டாள். அழப்போகிறாள் என்று நினைத்தேன். அவளோ பின்கட்டுக்குப் போய், வாயுடைந்த மண்பானை ஒன்றைக் கழுவிக் கொண்டுவந்து பெட்டிக்குள் கவிழ்த்தாள். ஜரிகை மெல்ல ஊர்ந்து அதற்குள் புகுந்துகொண்டான்.

சில நாள் அவனைத் தொந்தரவு செய்யாமல் விட்டோம். நேற்று மாலை எலியை நீட்டினேன். பானைக்குள்ளிருந்து தலை வந்தது, நாக்கு வந்தது. நான் மூச்சுவிடுவதற்குள் பாய்ந்து கவ்விச் சுற்றிக்கொண்டான்! எலி முழுதாக உள்ளே போனதும், எனக்குப் பின்னால் நின்ற அம்மா ஒரே ஓட்டமாக வாசலுக்கு ஓடினாள்.

"ஏ சரசு! எங்க ஜரிகை சாப்ட்டாண்டி! முழுசா சாப்ட்டான்!"

எதிர்வீட்டுச் சரசு அக்கா பயந்து கதவைச் சாத்திக்கொண்டாள். அம்மா சிரித்தாள், மாதவா. நீ போன பிறகு அந்தச் சிரிப்பை நேற்றுதான் கேட்டேன்.

இப்போது ஒரே ஒரு நிபந்தனை போட்டிருக்கிறாள். "வெள்ளிக்கிழமைல மட்டும் வேணாண்டா கண்ணு," என்று கண்ணாடி வழியாக அவனிடமே பேசுகிறாள். அறையையும் பூட்டுவதில்லை, தண்ணீர்க் கிண்ணத்தை மாற்றக் காலையில் முதல் ஆளாகப் போகிறாள்.

இந்த ஜாதிப் பாம்பு இருபது, முப்பது வருடம் வாழுமாமே, ரியாஸ் சொன்னான். அப்படியென்றால் எனக்கு நரைத்த பிறகும் ஜரிகை இருப்பான். இருக்கட்டும். மார்கழிக் குளிரிலும் அவன் பெட்டியில் சூடு குறையாது. அது என் பொறுப்பு.

இப்போது பாம்புக்கும் சோறூட்டும்,
உன் அக்கா