எண்ணெய்க் கப்பல்காரருக்கு, பூம்பாறையிலிருந்து

ஷூ போட்ட காலோடு கட்டிலில் பாதியைப் பிடித்துக்கொண்ட என் மாமாவுக்கு,

நீங்கள் போன பிறகு படுக்கை விரிப்பு அழுக்காவதே இல்லை. அதுதான் தாங்க முடியவில்லை. உங்களைப் பாடையில் தூக்கும்போது ஷூவைக் கழற்றினார்கள். இனி எங்கே ஓடப்போகிறார் என்று நானும் விட்டுவிட்டேன்.

பூண்டு இந்த வருஷம் நல்ல விளைச்சல். வடுகபட்டிச் சந்தையில் நான் சொன்ன விலைக்கே எடுத்தார்கள். சொல்ல வந்த சேதி அதுவல்ல. நம் மகன் பாண்டி போன் செய்தான். அவன் கப்பல் போகும் கடலில் சண்டையாம். விருப்பமில்லாதவர்கள் அதற்கு முந்தைய துறைமுகத்திலேயே இறங்கிக்கொள்ளலாமாம்.

"நீ சொல்லும்மா. எறங்கிரவா, போகவா?"

சரக்கைத் தொட்டதும் விலை சொல்பவள் நான். இதற்கு என்ன சொல்ல?

"பயலுக்குச் சொல்லிராத" என்றீர்கள். இத்தனை வருஷம் சொல்லவில்லை. அன்று சொல்லிவிட்டேன், மாமா. பூண்டு ஆய்ந்துகொண்டே எனக்கு மட்டும் நீங்கள் சொன்னதெல்லாம். வளைகுடாச் சண்டைக்குள் விளக்கை அணைத்துக்கொண்டு எண்ணெய்க் கப்பல் போனது. எல்லோரும் லைஃப் ஜாக்கெட்டோடு நடைவழியில் படுத்தது. குண்டு விழுந்ததும் தளத்து இரும்பு தோசைக்கல்லாகக் காய்ந்தது. வெறுங்காலோடு ஓட முடியாமல், செருப்பெடுக்க அறைக்குத் திரும்பிய சமையல்கார ராசு அண்ணன் வெளியே வராதது.

கேட்டுவிட்டுப் பாண்டி சொன்னான்:

"ஷூவோட தூங்குறாருன்னு, 'கேப்டன், கப்பல் எப்பக் கெளம்புது'ன்னு கேலி பண்ணுனேனேம்மா."

"அவரும் சிரிச்சாருல்லடா. நீ எறங்கிரு. வெரசா வந்து சேரு."

"நான் எறங்குனா என் எடத்துக்கு வேறொருத்தன ஏத்துவாங்க. அவனுக்கும் ஒரு அம்மா இருப்பாள்ல?"

பேரத்தில் நான் தோற்றதில்லை. அன்று தோற்றேன். யாரிடம் கற்றான் இந்தப் பேச்சை? ராசு அண்ணனைப் பற்றிச் சொல்லும்போதெல்லாம் பாதியில் எழுந்து போவீர்களே, தனக்குப் பதில் இன்னொருத்தன் என்ற இதுதான் உங்கள் மனசிலும் கிடந்ததா?

அவன் இறங்கவில்லை. சில நாளாகப் போனும் இல்லை. "மகன் எப்ப வாரான்?" என்று கடையில் கேட்கிறார்கள். "வருவான்" என்கிறேன். போட்ட எடையையே மறுபடியும் போடுகிறேன். உங்களுக்காகக் காத்திருந்தபோது எனக்கு வயசு இருந்தது, மாமா.

அவன் வந்து சேரட்டும். நானாக எதையும் கேட்க மாட்டேன். அவனாகச் சொல்லத் தொடங்கினால், அவன் பெண்டாட்டி பிள்ளைகளையும் பக்கத்தில் உட்கார வைப்பேன். ஒருத்தி மட்டும் சுமக்கிற கதை இனி இந்த வீட்டில் இருக்காது.

உங்கள் அத்தை மகள்,
பாண்டியின் அம்மா