மணல் எங்கே சார்?

2003 ஜூன் 12, வியாழன்.

பர்மிட் இல்லாமல் மணல் ஏற்றியதாகப் பிடித்துப் போன என் லாரி, மூன்று மாதம் கழித்து இன்று எங்கள் ஜோகுபாளையத்துக்கு வந்துவிட்டது. கேஸ் பாக்கி இருக்கிறது, இருக்கட்டும்.

காலையில் போலீஸ் ஸ்டேஷனில், லாரியை விடச் சொன்ன கோர்ட் ஆர்டரை நீட்டினேன். "நாளைக்கு வாம்மா" என்றான் இன்ஸ்பெக்டர். நான் நகரவில்லை. பறிமுதல் பட்டியலில் லாரியோடு ஒரு லோடு மணலும் எழுதியிருந்தது. லாரியிலோ ஒரு பிடி மணல் இல்லை. ஸ்டேஷனைச் சுற்றிப் புதுச் சுவர் மட்டும் எழும்பியிருந்தது.

"நாளைக்கே வரேன். ஆனா மணல் எங்கே சார்? ஜட்ஜ் கேட்டா என்ன சொல்ல?"

"ஆயித்து, ஹோகம்மா" என்று, ஆச்சு போம்மா என்பதைக் கன்னடத்தில் சொல்லிச் சாவியைக் கொடுத்துவிட்டான்.

பேட்டரி செத்திருந்தது. நான் ஏறி ஸ்டியரிங் பிடித்தேன். நாலு கான்ஸ்டபிள்கள் தள்ளியும் அசையவில்லை. கடைசியில் தொப்பியைக் கழற்றி அந்தச் சுவர்மேல் வைத்துவிட்டு, இன்ஸ்பெக்டரே வந்து தோள் கொடுத்தான்.