துரை வேஷக்காரர் வந்து பார்த்த பிரஸ்

2026 மார்ச் 12, வியாழன், இரவு 9.40. இரும்புத் தகடு அழுத்தும் புது பிரஸ் மெஷின் இன்று தானாகவே இறங்கியது இரண்டு தடவை.

ஆர்டர் தரும் கம்பெனிக்காரர்கள் சோதனைக்கு வந்தார்கள். ஜெர்மன் நிபுணர் என்று ஒருவரை எங்கள் மேனேஜர் மாலை போட்டு அழைத்துவந்தார். அவர் மெஷினை ஒரு சுற்றுச் சுற்றி, கண்ணாடியைத் துடைத்து, "சேஃப்" என்றார். எல்லாரும் தலையாட்டினார்கள்.

பிரஸ் ஓட்டும் கன்னியம்மா அக்கா கிசுகிசுத்தார்: "இன்னா சார், இவரு சீரியல்ல வர்ற வெள்ளக்கார கலெக்டர் துரை ஆச்சே! நேத்துகூட ஒருத்தன தூக்குல போட்டுக்கினு இருந்தாரு."

கேன்டீனில் அவரிடமே கேட்டேன். ஜெர்மன்காரர்தான், ஆனால் நடிகர். அங்கே முப்பது வருஷம் டிவியில் டாக்டர், திருடன், பிணம். இங்கே சினிமாவிலும் சீரியலிலும் துரை. "இன்ஜினியராக மட்டும் பதினொரு தடவை நடித்திருக்கிறேன்" என்று ஆங்கிலத்தில் பெருமையடித்தார். விளம்பரப் படம் என்று சொல்லித்தான் கூப்பிட்டார்களாம். அந்த பிரஸ்ஸுக்குள் கையை நுழைத்து வேலை செய்வது யார் தெரியுமா என்று அக்காவைக் காட்டினேன். நடிகர் வடையைக் கீழே வைத்துவிட்டார்.

மெஷின் பாதுகாப்புக்குப் பொறுப்பான இன்ஜினியர் நான்; மேனேஜரிடம் கத்தினேன். "தம்பி, வெள்ளக்காரன் சொன்னா ஆர்டர் பார்ட்டி நம்புது. நீ சொன்னா எவன் கேப்பான்? சேஃப்டி சர்டிபிகேட்ல சைன் போட்டுட்டு போய்க்கினே இரு" என்றார். கை உள்ளே இருந்தால் பிரஸ்ஸை நிறுத்தும் பாதுகாப்பு சென்சாரின் வயரைப் பிடுங்கச் சொன்னதே இந்த ஆள்தான்!

நாளை:
1. ஷிப்டுக்கு முன்னால் போய் மெயின் சுவிட்சை அணைத்துப் பூட்டுவேன்.
2. கையெழுத்துப் போட மாட்டேன். வேலை போனால் போகட்டும்.
3. நடிகரோடு போய் ஆர்டர் கம்பெனியில் உண்மையைச் சொல்வேன். வருகிறேன் என்றிருக்கிறார். அதுவும் நடிப்பென்றால் தனியாகப் போவேன்.