ஒரே வயிறு, இரண்டு சீட்டு

ஸ்ஃபாக்ஸ்,
ஆலிவ் பறிப்பு தொடங்கிய வாரம்

அன்பு மகள் ரௌதாவுக்கு, உம்மா எழுதுவது. உன்மேல் சாந்தி உண்டாகட்டும். அல்லாஹ்வின் கருணையில் நானும் உன் பாபாவும் நடமாடிக்கொண்டிருக்கிறோம், நீயும் அந்த மாண்ட்ரியால் குளிரில் சளி காய்ச்சல் இல்லாமல் இருக்க வேண்டும் என்று தொழுகைக்குத் தொழுகை கேட்டுக்கொள்கிறேன். இந்த வருஷம் காய்ப்பு நன்றாக இருக்கிறது, பக்கத்து வீட்டு மப்ரூக்காவுக்கு இரண்டாவது பேரன் பிறந்திருக்கிறான், நம் தெருவில் மறுபடியும் குழி தோண்டிப் போட்டுவிட்டு மூடாமல் போய்விட்டார்கள். உடம்புக்கு ஒன்றுமில்லை. மனம்தான் குமட்டுகிறது. வெள்ளிக்கிழமையிலிருந்து எதைப் பார்த்தாலும் துப்பத் தோன்றுகிறது, உன்னிடம் கொட்டினால்தான் அடங்கும்.

நீ அறியாத கதையில்லை, ஆனாலும் முதலிலிருந்து எழுதினால்தான் எனக்கு ஆறும். உன் வசீலா அத்தையின் மகனைக் கட்டிக்கொள்ள மாட்டேன் என்று நீ சாப்பாட்டுத் தட்டின் முன்னால் எழுந்து நின்று சொன்னாயே, உன் பாபா கத்தினார், நீயும் கத்தினாய், மறுநாள் காலையில் அவர் ரத்தமாக வாந்தி எடுத்தார். வசீலாவின் கணவர், உன் தாஹர் மாமாதான் அறுத்தார், பெரிய அறுவை மருத்துவர், நம் வீட்டு மாப்பிள்ளை வேறு, வேறு யாரிடம் போவது. பாதி வயிற்றை எடுத்துவிட்டு வெளியே வந்து, கோபமும் கவலையும் அமிலமாகச் சுரந்து ஓட்டை போட்டுவிட்டது, இனி இந்த வீட்டில் யாரும் குரல் உயர்த்தக்கூடாது என்றார். வசீலா ஆஸ்பத்திரி வாசலிலேயே ஆரம்பித்தாள். "பெத்த அப்பன் வயித்துல வாயாலயே ஓட்டை போட்ட பொண்ணை இப்பத்தான் பாக்குறேன், உம்மாகாரி நாக்கு பாதி போட்டுச்சு, மக நாக்கு மீதியப் போட்டுச்சு" என்றாள். நீ சுவரோடு சாய்ந்து நின்றிருந்தாய், உன் முகம் எனக்கு இன்னும் மறக்கவில்லை. அடுத்த கோடையில் கப்பல் ஏறியவள்தான்.

அதற்குப் பிறகு நாங்கள் வாழ்ந்த வாழ்க்கை உனக்குத் தெரியாது. மீன் சந்தையில் உன் பாபா ஏலம் விட்டால் துறைமுகக் கோடியில் இருப்பவன் திரும்பிப் பார்ப்பான், அந்த மனிதரை ஏலம் கூடாது என்று சொல்லி நூல்கண்டுக் கடையில் உட்கார வைத்தார்கள். ஹரிஸ்ஸா மிளகாய் விழுது கூடாது, காப்பி கூடாது, கால்பந்து கேட்கக்கூடாது. பெருநாள் காலையில் ஊரே உப்புமீனும் திராட்சைக் குழம்பும் சாப்பிடும்போது இவர் வேகவைத்த உருளைக்கிழங்கைப் பிசைந்துகொண்டிருப்பார். நான் ஒரு தட்டைக் கீழே போட்டால்கூட வசீலா என்னைப் பார்க்கிற பார்வை இருக்கிறதே, ஏதோ நான் கத்தியை எடுத்துக் குத்தியதுபோல. ஒருநாள் தாஹரிடம் வேலை பார்த்த இளம் டாக்டர் ஒருவர் நம் வீட்டுக்கே வந்து, இது கிருமியால் வருவதாக வெளிநாட்டில் சொல்கிறார்கள், மாத்திரையிலேயே ஆறுமாம் என்று தயங்கித் தயங்கிச் சொன்னார். அப்போது கூட இருந்த தாஹர் சிரித்த சிரிப்பில் அவர் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. "வயித்து அமிலத்துல இரும்பே அரிச்சுப் போகும், அதுக்குள்ள கிருமி கல்யாணம் கட்டிக் குடும்பம் நடத்துதாக்கும்?" என்றார். எல்லாரும் சிரித்தார்கள். கொஞ்ச நாளில் அந்தப் பையனைத் தெற்கே பாலைவனத்துக்கு மாற்றிவிட்டார்கள் என்று கேள்விப்பட்டேன்.

இப்போது வெள்ளிக்கிழமைக்கு வருகிறேன். தாஹர் ஓய்வு பெறுகிறாராம், கல்லூரியில் விழா, குடும்பமே வர வேண்டும் என்று கார் அனுப்பினார். எங்களை முன்வரிசையில் உட்கார வைத்தார்கள். அவர் மேடையேறி, வயிற்றுப்புண் என்பது கிருமியால் வருவது, நாங்கள் படிப்படியாக இந்த உண்மைக்கு வந்து சேர்ந்தோம், எனக்கு ஆரம்பத்திலேயே ஒரு சந்தேகம் இருந்தது என்கிறார். ஆரம்பத்திலேயே சந்தேகமாம்! அதோடும் விடவில்லை ரௌதா. ஒரு கண்ணாடி ஜாடியை மேஜைமேல் வைத்தார். உள்ளே கழுவிப்போட்ட ஆட்டுக்குடல்போல வெளுத்து ஒன்று, நடுவே ஓர் ஓட்டை, மருந்துத் தண்ணீரில் ஆடிக்கொண்டிருந்தது. இத்தனை வருஷமாக மாணவர்களுக்கு இதைக் காட்டித்தான் சொல்லிக்கொடுத்தேன், இப்போது அதிலிருந்தே ஒரு துணுக்கை எடுத்துப் பார்த்தோம், கிருமி அப்போதே அங்கே இருந்திருக்கிறது, இதோ நம் ஆசான் என்று உன் பாபாவைக் கையால் காட்டினார். எல்லாரும் கை தட்டினார்கள்.

அறுத்தெடுத்த அன்றைக்கே நான் கேட்டேனே, நம் வழக்கப்படி அதை மண்ணில் புதைக்க வேண்டும், கொடுங்கள் என்று. "புதைச்சாச்சு, கவலைப்படாதே" என்று என் கண்ணைப் பார்த்துச் சொன்னவர் இவர். நான் மேடைக்குப் போய் ஜாடியைப் பார்த்தேன். கிருமிப்புண் என்று புதுச் சீட்டு ஒட்டியிருந்தது. இதற்கு முன்னால் என்ன ஒட்டியிருந்தது என்று பக்கத்திலிருந்த மாணவியிடம் கேட்டேன், அவள் பாவம், கள்ளம் தெரியாமல் சொல்லிவிட்டாள்: முன்கோபி, மகளோடு சண்டைக்குப் பிறகு ரத்தப்போக்கு, மனக்கவலைப் புண்ணுக்குச் சிறந்த உதாரணம். உன் சண்டையை, நம் வீட்டுச் சாப்பாட்டு நேரத்தை, ஊர்ப் பிள்ளைகள் பரீட்சைக்குப் படித்திருக்கிறார்கள். சதையும் அதேதான், ஓட்டையும் அதேதான். கவலை என்று நினைத்துப் பார்த்தவன் கண்ணுக்குக் கவலை தெரிந்தது, கிருமி என்று நினைத்துப் பார்த்ததும் கிருமி தெரிகிறது.

நான் அங்கேயே, எல்லார் முன்னாலும், பழைய சீட்டில் என்ன எழுதியிருந்தது என்று உன் பாபாவிடம் சொன்னேன். அவர் எழுந்தார். இத்தனை வருஷமாக ரகசியம் பேசுவதுபோலவே பேசிக்கொண்டிருந்த மனிதர் சந்தைக் குரலில் ஆரம்பித்தார் பார். "வாங்க ஐயா வாங்க! இந்த ஷாதிலியோட வயிறு, பாதிதான் இருக்கு, பாத்து வாங்குங்க! முன்னே கவலைன்னு சொல்லி வித்தான், இப்போ கிருமின்னு சொல்லி விக்கிறான், ஒரே சரக்குக்கு ரெண்டு பேரு வெச்சு ரெண்டு தரம் வித்தவனை எங்க சந்தையில செதிலோட சேத்துக் கழுவித் தள்ளியிருப்போம்! தாஹர், உன் விலை என்ன, சொல்லு!" கூடமே அதிர்ந்தது. வசீலா முகத்திரையால் வாயைப் பொத்திக்கொண்டு, ஐயோ அவருக்கு வயிறு, வயிறு என்று என்னைப் பார்க்கிறாள். "இருக்கிற பாதிக்கு ஒண்ணும் ஆகாது, உக்காரு" என்றேன்.

தாஹர் பிறகு வராந்தாவில் வந்து, அறிவியல் தன்னைத் தானே திருத்திக்கொள்ளும், அதுதான் அதன் பெருமை, இதில் யார்மேலும் குற்றமில்லை என்றார். அறிவியல்மேல் எனக்கு என்ன கோபம், மப்ரூக்காவின் கணவர் இதே புண்ணுக்கு மாத்திரை விழுங்கி எழுந்து நடக்கிறார், நல்லதுதானே. நேற்றுத் தெரியாதது இன்று தெரிகிறது, இன்று தெரிவதும் நாளைக்கு மாறலாம், அதை நான் ஒப்புக்கொள்கிறேன். ஆனால் சீட்டைக் கிழித்துப் புதுச் சீட்டு ஒட்டத் தெரிந்தவருக்கு, அந்தப் பழைய சீட்டை நெஞ்சில் ஒட்டிக்கொண்டு ஒரு பெண் ஊரைவிட்டே போனாளே, அவளுக்கு ஒரு வரி எழுதத் தெரியவில்லையே. சிரித்ததை ஒப்புக்கொள்ள மாட்டாராம், சந்தேகம் மட்டும் இருந்ததாம். சீ. ஜாடியைக் கையோடு வாங்கிக்கொண்டுதான் வந்தோம், சனிக்கிழமை காலை உன் பாபாவே குழி தோண்டிப் புதைத்தார்.

மகளே, நீ போனில் பேசும்போது ஒவ்வொரு தடவையும் குரலைத் தாழ்த்திக்கொண்டு, பாபாவுக்குக் கோபம் ஒன்றுமில்லையே என்று கேட்கிறாய், கேட்டதும் ஊருக்கு வருகிற பேச்சை மாற்றிவிடுகிறாய். எனக்குத் தெரியாமலா. இந்தக் கடிதத்தை எழுத உட்கார்ந்தபோது அவர் பக்கத்தில் வந்து உட்கார்ந்து, தான் சொல்வதை அப்படியே எழுதச் சொன்னார். "அன்னிக்கு நீ பேசினது ஒரு சொல்லும் என் வயித்துக்குள்ள போகலடி. காதோட நின்னுச்சு. அந்தப் பையனை வேண்டாம்னு சொன்னியே, அது சரிதான்னு எனக்கு ஆஸ்பத்திரியிலயே தெரியும், சொன்னா கோபம் வந்துரும்னு யாரும் என்னைப் பேச விடல." எழுதிவிட்டேன். எழுதியதை ஒருதரம் படிக்கச் சொல்லிக் கேட்டார்.

ஒன்றை மறக்காதே. ஒரே பெரிய தட்டில் கை போட்டுச் சாப்பிட்ட குடும்பம் நாம், அந்தக் கிருமி உனக்கும் இருக்கலாம். அங்கே மூச்சை ஊதச் சொல்லிச் சோதிக்கிறார்களாம், போய்ப் பார். இருந்தால் மாத்திரையை முழுக்க முடி. அல்லாஹ் உன் உடம்பையும் மனதையும் காக்கட்டும், உன் வழியெல்லாம் லேசாக்கட்டும். கோடை விடுமுறைக்கு டிக்கெட் எடு, வந்து உன் பாபாவோடு எதற்காகவாவது சண்டை போடு.

உன் உம்மா,
ஸல்ஹா